மணத்துக்குச் சாட்சி

ஒருவன் ஒரு பெண்ணோடு பல்லாண்டு வாழ்கிறான். ஊரார் அவ்விருவரையும் கணவன் மனைவி என்றே அறிவர். பின்னொரு நாள் அவன் அவளை அடித்துத் துன்புறுத்துகிறான். வழக்கு மன்றுக்கு வருகிறது. அங்கே அவன் அடித்தேன் என்றோ அடிக்கவில்லை என்றோ முதலிற் கூறுவதில்லை. “இவள் என் மனைவியே அல்லள்” என்கிறான். அந்த ஒரு சொல்லால் வழக்கின் முகமே மாறிவிடுகிறது. செய்த கொடுமை பின்னுக்குச் செல்கிறது. தாலி கட்டியது எங்கே, கண்டவர் யார், பதிவு உண்டா என்னும் வினாக்கள் முன்னுக்கு வருகின்றன. அடிபட்டவளே தன் நிலையை மெய்ப்பிக்க வேண்டியவள் ஆகிறாள்.

இந்த மறுப்பு இன்று நேற்றுத் தோன்றியதன்று. அகநானூற்றின் 256ஆம் பாட்டு இத்தகைய வழக்கு ஒன்றைக் கூறுகிறது. கள்ளூர் என்னும் ஊரில் ஓர் இளம்பெண்ணின் நலத்தை நுகர்ந்த ஒருவன், அவளை அறியேன் என்று பொய்ச்சூளுரைத்தான். ஊரவை கூடியது. உண்மை அறிந்த சாட்சிகளை அவையோர் வினவினர். பொய் வெளிப்பட்டது. அவனை மரக்கிளையில் இறுகக் கட்டித் தலையில் நீற்றைக் கொட்டினர். அவையில் ஆரவாரம் எழுந்தது. அந்த அவை, சடங்கு நடந்ததா என்று கேட்டதாகப் பாட்டிற் குறிப்பில்லை. அவன் செய்தது யாது, சொன்னது மெய்யா என்ற இரண்டையுமே அது ஆராய்ந்தது.

தொல்காப்பியர் இதனை இன்னும் ஆழமாக நோக்குகிறார். உலகிற் பொய்யும் ஒழுக்கத் தவறும் தோன்றிய பின்னரே பெரியோர் மணச்சடங்கை வகுத்தனர் என்பது அவர் கருத்து. அஃதாவது, ஆடவர் கூடிப் பின் மறுக்கத் தொடங்கிய காரணத்தால், பலரறியச் செய்யும் கரணம் வேண்டியதாயிற்று. இந்நோக்கிற் சடங்கு என்பது வெறும் அலங்காரம் அன்று. பிற்காலத்தில் எழக்கூடிய மறுப்புக்கு முன்கூட்டியே தேடிவைத்த சாட்சி.

திருவிளையாடற் புராணத்தின் படலம் ஒன்றும் மணச்சாட்சி பற்றியதே. திருப்புறம்பயத்தில் வணிகன் ஒருவன் ஒரு பெண்ணை மணந்தான். அருகிலிருந்தவை ஒரு வன்னி மரமும் ஒரு கிணறும் ஒரு சிவலிங்கமுமே. பின்னர் மதுரையில் வாழ்ந்தபோது, அவனுடைய மூத்த மனைவி இளையவளை நோக்கி, உன் மணத்துக்குச் சாட்சி யார் என்று இகழ்ந்து கேட்டாள். வன்னியும் கிணறும் இலிங்கமும் சாட்சி என்று அவள் அழுதுரைத்தாள். அவை மூன்றும் மதுரைத் திருக்கோயிலுக்கு வந்து காட்சி தந்தன என்பது புராணம். திருப்புறம்பயத்து இறைவர்க்குச் சாட்சிநாதர் என்னும் திருநாமமும் வழங்குகிறது. மனிதச் சாட்சி இல்லாத பெண்ணின் துயரத்தை நம் முன்னோர் எவ்வளவு பெரிதாகக் கருதினர் என்பதற்கு இக்கதையே போதும். மரத்தையும் கிணற்றையும் சாட்சிக்கு அழைக்க இயலாத பெண்களின் கதி என்ன என்பதே வரலாறு கேட்கும் வினா.

இவ்வினா கூர்மையாக எழும் நிலங்களுள் ஒன்று, வன்னி என்றே பெயர் கொண்ட நம் நாட்டுப் பெருநிலப்பரப்பு. கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா ஆகிய மாவட்டங்கள் இதன்கண் அடங்கும். பண்டாரவன்னியனின் போர் 1803ஆம் ஆண்டில் தோல்வியில் முடிந்தபின், இந்நிலம் நெடுங்காலம் காடும் குளமும் சிதறிய குடிகளுமாகவே கிடந்தது. 1895ஆம் ஆண்டில் ஜே. பி. லூயிஸ் என்னும் ஆங்கில அதிகாரி வன்னி மாவட்டங்களைப் பற்றி எழுதிய நூல், அக்காலத்து வன்னியின் நிலையை அறிய உதவும் சிறந்த ஆவணமாகும். ஊருக்கும் ஊருக்கும் இடையிற் பெருங்காடு. மழை பெய்தால் வழி இல்லை. காய்ச்சலோ ஆண்டுதோறும் வரும் விருந்தாளி. இத்தகைய நிலத்தில் மணம் என்பது உற்றார் கூடுவதும், தாலி கட்டுவதும், கூறை கொடுப்பதும், சோறிட்டு உண்பதுமாக ஊருக்குள்ளேயே நிறைவெய்தியது. பதிவாளரைத் தேடிச் செல்வது பலருக்கு நினைவிலும் வராத காரியம்.

வடபுலத்துத் தமிழரின் வழக்கங்களை 1707ஆம் ஆண்டில் கிளாஸ் ஐசாக்ஸ் என்னும் ஒல்லாந்த அதிகாரி தொகுத்தார். அதுவே தேசவழமை. ஆங்கிலேயர் 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க ஒழுங்குவிதியால் அதற்குச் சட்ட வலு அளித்தனர். யாழ்ப்பாண மாகாணம் என்று அக்காலத்தில் வழங்கிய பரப்பு இன்றைய யாழ்ப்பாண மாவட்டத்தினும் மிகப் பெரிது. ஆயினும் தேசவழமை பெரிதும் பேசுவது சீதனம், முதுசம், தேடியதேட்டம், அடைமானம் என்னும் பொருளுரிமைகளையே. மணப்பெண் கொண்டுவந்த காணியை நுணுக்கமாக ஆராய்ந்த அத்தொகுப்பில், அவள் உடலுக்கு நேரும் தீங்கைப் பற்றி அத்தகைய ஆராய்ச்சி இல்லை.

பதிவு முறையை ஆங்கிலேயர் பத்தொன்பதாம் நூற்றாண்டிற் பலமுறை சட்டமாக்கித் திருத்தினர். இன்றும் அடிப்படையாக இருப்பது 1907ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க விவாகப் பதிவுக் கட்டளைச் சட்டம். பதிவேட்டிலுள்ள குறிப்பே விவாகத்துக்குத் தலைசிறந்த சான்று என்று அச்சட்டம் கூறுகிறது. தலைசிறந்த சான்று என்றதேயன்றி, அதுவே ஒரே சான்று என்று கூறவில்லை. ஆகவே வழக்காற்றின்படி நடந்த மணம், பதிவு இல்லாத காரணத்தால் மட்டும் செல்லாததாகிவிடாது என்பதை நீதிமன்றங்கள் ஏற்று வந்தன.

இங்கே 1881ஆம் ஆண்டில் இலண்டன் கோமறைக் கழகம் அளித்த தீர்ப்பு ஒன்று நினைக்கத்தக்கது. இலங்கைத் தமிழர் குடும்பம் ஒன்றின் உரிமை வழக்கு அது. ஓர் ஆணும் பெண்ணும் கணவன் மனைவியாகக் கூடி வாழ்ந்தமை மெய்ப்பிக்கப்பட்டால், அதற்கு மாறானது தெளிவாக நிறுவப்படும்வரை, அவர்கள் முறையான மணத்தின் பயனாகவே அவ்வாறு வாழ்ந்தனர் என்று உரோம-ஒல்லாந்தச் சட்டம் ஊகிக்கும் என்று கழகம் கூறிற்று. 1927ஆம் ஆண்டில் சிங்களக் குடும்பம் ஒன்றின் வழக்கிலும் அக்கழகம் இதே நெறியைப் பின்பற்றியது. பத்திரம் இல்லாத ஏழைப் பெண்ணுக்கு இவ்வூகம் பெருந்துணை. ஊராரின் மதிப்பே அவளுக்குப் பதிவேடாக நின்றது.

ஆனால் இந்நெறி சொத்து வழக்குகளில் விளைந்தது. குற்ற வழக்கின் நெறி வேறு. ஒருவனைச் சிறைக்கு அனுப்பும் வழக்கில் ஊகத்தின்மீது கட்டடம் எழுப்புதல் ஆகாது என்பது ஆங்கிலச் சட்டத்தின் பழைய கொள்கை. 1767ஆம் ஆண்டில் மான்ஸ்பீல்ட் பிரபு, பிறன்மனை விழைந்தவன்மீது கணவன் கொண்டுவந்த வழக்கு ஒன்றில், கூடி வாழ்ந்ததும் ஊரார் பேச்சும் போதா, மணம் உண்மையில் நடந்தமையைக் காட்டல் வேண்டும் என்றார். இருதார மணக் குற்றத்துக்கும் அதுவே விதி என்று அவர் கருதினார். அக்கொள்கை கடல் கடந்து 1872ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டத்துள் நுழைந்தது. உறவினரின் நடத்தையும் கருத்தும் மண உறவைக் காட்டப் பயன்படலாம். ஆனால் இருதார மணம், பிறன்மனை நயத்தல் முதலிய குற்ற வழக்குகளில் அவை மட்டும் போதா என்று அச்சட்டத்தின் 50ஆம் பிரிவு வரையறுத்தது. இலங்கையின் 1895ஆம் ஆண்டுச் சாட்சியக் கட்டளைச் சட்டம் அந்த இந்தியச் சட்டத்தை முன்மாதிரியாகக் கொண்டதே.

இக்கடுமை குற்றம் சாட்டப்பட்டவனைக் காப்பதற்காக எழுந்தது. அதன் நோக்கம் நன்று. ஆனால் அதன் விளைவு சில வேளை விபரீதமாயிற்று. 1965ஆம் ஆண்டில் இந்திய உச்ச நீதிமன்றம், இரண்டாம் மணம் உரிய சடங்குகளோடு நடந்ததாக நிறுவப்படவில்லை என்ற காரணத்தால், இருதார மணக் குற்றம் சாட்டப்பட்டவரை விடுவித்தது. அதன் பின்னர் சடங்கைக் குறைவாகச் செய்தவனே சட்டத்துக்கு அஞ்ச வேண்டாதவன் என்னும் நிலை தோன்றிற்று. தமிழ்நாட்டிலோ புரோகிதர் இன்றி மாலை மாற்றியும் தாலி கட்டியும் நடந்த சுயமரியாதைத் திருமணங்கள் பல. 1950களிற் சென்னை உயர் நீதிமன்றம் அத்தகைய மணம் ஒன்றைச் செல்லாது என்றது. அண்ணாதுரை முதலமைச்சராயிருந்தபோது 1967ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் அம்மணங்களுக்குச் சட்ட ஏற்பு அளித்தது. அத்திருத்தத்தின் வலுவினால் 2001ஆம் ஆண்டில், தமிழ்நாட்டில் எழுந்த இருதார மண வழக்கு ஒன்றில், ஏழடி வலம்வருதல் நிகழவில்லை என்ற வாதம் குற்றவாளிக்குக் கைகொடுக்கவில்லை.

மனைவியைக் கொடுமைப்படுத்துதலைத் தனிக் குற்றமாக்கியது இந்தியாவின் 1983ஆம் ஆண்டுத் திருத்தம். தண்டனைச் சட்டத்திற் புதிதாகச் சேர்ந்த 498ஏ பிரிவின்படி, கணவனோ அவன் உறவினரோ ஒரு பெண்ணைக் கொடுமைப்படுத்தினால் மூன்றாண்டு வரை சிறையும் தண்டமும் விதிக்கலாம். வரதட்சிணைக் கொடுமையாற் பெண்கள் எரிந்து மடிந்த காலத்தில் அச்சட்டம் பிறந்தது. ஆனால் கணவன் என்ற சொல்லே புதிய வாதத்துக்கு வாயிலாயிற்று. முதல் மனைவி உயிரோடிருக்க இரண்டாம் மணம் செய்தவன், அந்த இரண்டாம் மணம் சட்டப்படி வெறுமையானது, ஆகவே நான் இவளுக்குக் கணவன் அல்லேன், கொடுமைக் குற்றமும் என்மேற் சாராது என்றான். தன் முதற் குற்றத்தையே இரண்டாவது குற்றத்துக்குக் கேடயமாகப் பிடித்தான்.

2002ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தின் மூவர் ஆயம் ஒன்று, அத்தகைய வாதத்தை ஏற்று, வெறுமையான மணத்தின்மேற் கொடுமைக் குற்றம் நிற்காது என்றது. 2004ஆம் ஆண்டு சனவரியில் நீதியரசர் துரைசாமி ராஜுவும் நீதியரசர் அரிஜித் பசாயத்தும் இருந்த ஆயம் வேறு நோக்கில் ஆராய்ந்தது. கணவன் என்னும் நிலையைத் தானே பறைசாற்றி அல்லது பாசாங்கு செய்து, அந்நிலையின் பேரால் ஒரு பெண்ணைக் கொடுமைப்படுத்தியவன், மணத்தில் வழு உண்டு என்று கூறித் தப்ப முடியாது என்று அவர்கள் தீர்த்தனர். சட்டம் கொடுமையைத் தடுக்க வந்தது. அந்த நோக்கத்தை முறியடிக்கும் பொருளைச் சொல்லுக்கு ஏற்றலாகாது என்பது அவர்களின் நியாயம். மூவர் கூறியதா, இருவர் கூறியதா வலியது என்ற பிணக்கு அத்துடன் ஓயவில்லை. 2023ஆம் ஆண்டிலும் கருநாடக உயர் நீதிமன்றம், இரண்டாம் மனைவியின் முறைப்பாட்டின்மேல் எழுந்த கொடுமைத் தீர்ப்பைத் தள்ளியது. 2024ஆம் ஆண்டு சூலை முதல் பழைய தண்டனைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நியாய சங்கிதை நிற்கிறது. அதன் 85ஆம் பிரிவிலும் கணவன் என்ற அதே சொல்லே இருக்கிறது.

இனி இலங்கையை நோக்குவோம். 1883ஆம் ஆண்டின் தண்டனைச் சட்டக்கோவையில் கணவனின் கொடுமை என்ற தனிக் குற்றம் இல்லை. அடித்தவன் காயப்படுத்தல், கடுங்காயம் விளைத்தல், குற்றமுறையாக அச்சுறுத்தல் என்னும் பொதுக் குற்றங்களின் கீழேயே நிறுத்தப்படுகிறான். அவற்றுக்கு மணச் சான்று வேண்டியதில்லை. அயலானை அடித்தாலும் மனைவியை அடித்தாலும் குற்றம் ஒன்றே. ஆகவே இங்குத் தொல்லை இல்லை என்று கருதலாகாது. மண நிலை வேறு வாயில்களால் வழக்கினுள் புகுகிறது.

முதலாவது, சாட்சியம். கணவன் மனைவிக்கு எதிராகவும் மனைவி கணவனுக்கு எதிராகவும் அரச தரப்பிற் சாட்சி கூறுவதற்குச் சட்டம் தடைகள் வைத்துள்ளது. உடலுக்கு ஊறு செய்த வழக்கில் மட்டும், ஊறுபட்ட துணைவரைச் சாட்சி கூற அழைக்கலாம் என்று விலக்கு உண்டு. இரண்டாவது, வன்புணர்ச்சிக் குற்றம். 1995ஆம் ஆண்டின் திருத்தம், நீதிமன்றத்தாற் பிரித்துவைக்கப்பட்ட மனைவிக்கு மட்டுமே கணவனுக்கெதிராக அக்குற்றத்தின் பாதுகாப்பை அளித்தது. ஆகவே அவ்வழக்கிற் குற்றம் சாட்டப்பட்டவன் இவள் என் மனைவி என்று உரிமை பாராட்டுவான். மூன்றாவது, தாபரிப்பு. 1889ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டமும், அதன் இடத்துக்கு வந்த 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கத் தாபரிப்புச் சட்டமும் முறைப்படி மணந்தவருக்கே வாழ்க்கைத்துணை என்ற உரிமையில் தாபரிப்பு வழங்குகின்றன. அவ்வழக்கில் அதே மனிதன் இவள் என் மனைவி அல்லள் என்று மறுப்பான். ஒரே பெண் ஒரு மன்றில் மனைவியாகவும் மறு மன்றில் அயலாளாகவும் ஆக்கப்படுகிறாள். இரு மன்றிலும் இலாபம் அவனுக்கே.

வன்னியில் இத்தொல்லை பெருகியமைக்குக் காரணம் அந்நிலத்தின் அண்மைக்கால வரலாறு. இருபதாம் நூற்றாண்டில் இரணைமடுக் குளத்தின் கீழும் பிற குடியேற்றத் திட்டங்களிலும் யாழ்ப்பாணத்திலிருந்து மக்கள் வந்து குடியேறினர். 1958, 1977, 1983 ஆகிய ஆண்டுகளின் வன்செயல்களின் பின் மலையகத் தமிழர் பலர் வவுனியாவிலும் கிளிநொச்சியிலும் தஞ்சம் புகுந்தனர். சொந்த ஊரின் உற்றாரை விட்டு வந்த குடும்பங்களுக்கு, மணத்தைக் கண்ட சாட்சிகள் தொலைவிலேயே நின்றுவிட்டனர். 1990களின் தொடக்கம் முதல் 2009 வரை வன்னியின் பெரும்பகுதியில் விடுதலைப் புலிகள் தமது சொந்த நீதிமன்றங்களையும் சட்டக்கோவைகளையும் நடைமுறைப்படுத்தினர். அவை குடும்ப வழக்குகளையும் விசாரித்தன. அம்மன்றுகள் மறைந்தபின், அரச சட்டத்தின் முன் அவற்றின் தீர்ப்புகளுக்கு வலு இருக்கவில்லை.

போரின் இறுதிக் காலம் இன்னும் கொடியது. 2008ஆம் ஆண்டிலும் 2009ஆம் ஆண்டின் முதல் மாதங்களிலும் இலட்சக்கணக்கான மக்கள் கிளிநொச்சியிலிருந்து தருமபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு வழியாக முள்ளிவாய்க்கால் வரை ஊர்விட்டு ஊர் நகர்ந்தனர். மணமானவரைப் படையிற் சேர்க்கமாட்டார்கள் என்ற நம்பிக்கையால், பெற்றோர் பலர் தம் இளம் பிள்ளைகளுக்கு அவசர அவசரமாக மணம் முடித்து வைத்தனர். பதுங்குகுழி அருகிற் கட்டிய தாலிக்குப் பதிவாளர் ஏது? கண்டவர் பலர் மே மாதம் முடிவதற்குள் மாண்டனர். இருந்த பத்திரங்கள் எரிந்தன, நீரில் ஊறின, வழியில் வீழ்ந்தன. பின்னர் செட்டிகுளத்து மனிக் பாம் முகாமில், கம்பிவேலிக்குள், குடும்ப அட்டையில் எழுதிய பெயரே பலருக்கு மணத்தின் முதல் எழுத்துச் சான்றாயிற்று. அம்முகாம் 2012ஆம் ஆண்டு செத்தெம்பரில் மூடப்பட்டது.

இவ்வாறு நடந்த மணங்களிற் சில, காலம் மாறியதும் ஆடவரால் மறுக்கப்பட்டன. மணமகளுக்கு அப்போது வயது பதினெட்டு நிறையாவிடில் சிக்கல் இருமடங்கு. 1995ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கத் திருத்தம் பொதுச் சட்டத்தின் கீழ் மணவயதை இருபாலார்க்கும் பதினெட்டாக உயர்த்தியது. அதற்குக் குறைந்த வயதில் நடந்த மணத்தைச் சட்டம் மணமாக ஏற்பதில்லை. சிறுமியரைக் காக்க எழுந்த அந்த நல்விதியே, சிறுமியாய் மணந்து கைவிடப்பட்டவளின் தாபரிப்பு உரிமைக்குத் தடையாய் வந்து நிற்கிறது. அவள் பெற்ற பிள்ளைக்குத் தந்தையிடம் தாபரிப்புக் கேட்கும் உரிமை உண்டு; அவளுக்கு இல்லை.

இந்நிலையில் 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் ஒரு புதிய வழியைத் திறந்தது. கணவன் மனைவியர், முன்னாட் கணவன் மனைவியர் ஆகியோரோடு, கூடி வாழும் துணைவரையும் அது தன் எல்லைக்குள் அடக்கியது. உடலுக்குச் செய்யும் தீங்கு மட்டுமன்றி, இழிவுபடுத்தும் கொடிய நடத்தையால் உள்ளத்துக்குச் செய்யும் தீங்கும் அதன்கண் அடங்கும். பாதிக்கப்பட்டவரோ, அவர் சார்பிற் பொலிஸ் அலுவலரோ நீதவான் நீதிமன்றில் விண்ணப்பிக்கலாம். நீதவான் உடனே இடைக்காலக் கட்டளை வழங்கலாம்; விசாரணையின் பின் பன்னிரண்டு மாதம் வரை பாதுகாப்புக் கட்டளை வழங்கலாம். கட்டளையை மீறுவோருக்குப் பத்தாயிரம் உரூபா வரை தண்டமோ, ஓராண்டு வரை சிறையோ, இரண்டுமோ உண்டு. இச்சட்டத்தின் முன் இவள் என் மனைவி அல்லள் என்ற வாதம் பெரிதும் வலிமை இழக்கிறது. அவளோடு ஒரு வீட்டில் வாழ்ந்தாயா என்பதே நீதவானின் முதல் வினா.

இந்தியாவும் அதே 2005ஆம் ஆண்டில், மணத்தின் தன்மையை ஒத்த உறவு என்னும் தொடரைத் தன் குடும்ப வன்முறைச் சட்டத்தில் வைத்தது. கோயம்புத்தூர்க் குடும்ப நீதிமன்றத்தில் தொடங்கி 2010ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தை எட்டிய ஒரு வழக்கில், அத்தொடருக்கு நீதியரசர் மார்க்கண்டேய கட்ஜுவும் நீதியரசர் டி. எஸ். தாக்கூரும் எல்லை வகுத்தனர். உலகறியக் கணவன் மனைவி போல நடந்திருத்தல், மணவயது எய்தியிருத்தல், மணத்துக்கு வேறு தடை இல்லாதிருத்தல், கணிசமான காலம் விரும்பிக் கூடி வாழ்ந்திருத்தல் என்பன அவை. இவ்வெல்லைக்கு வெளியே நிற்பவள் முன்னரே மணமானவனோடு வாழ்ந்தவள். வஞ்சிக்கப்பட்டு அந்நிலைக்கு வந்தவளும் வெளியே நிற்கிறாள் என்பதே இதன் குறை.

மறுபுறத்தையும் நோக்குதல் நீதி. குற்றச் சட்டத்தின் சொற்களை வேண்டியவாறு நீட்டினால், நாளை குற்றமற்றவனும் அதிற் சிக்கலாம். எல்லா மறுப்பும் பொய் மறுப்பு அன்று. நடவாத மணத்தை நடந்ததாகக் கூறிப் பணம் பறிக்க முயல்வோரும் உலகில் உளர். ஆகவே சான்று கேட்பது தவறன்று. எதற்குச் சான்று கேட்பது என்பதிலேதான் நீதி தங்கியிருக்கிறது. சொத்துக்கும் இருதார மணத்துக்கும் மணச் சான்று வேண்டும். முறிந்த கைக்கு வேண்டியது அடித்தவன் யார் என்ற சான்று. இரண்டையும் ஒன்றாகக் குழப்பும்போதே குற்றவாளிக்கு இடைவெளி கிடைக்கிறது.

சட்டம் எவ்வளவு திருந்தினாலும், பதிவுக்கு உள்ள மதிப்புக் குறையப்போவதில்லை. காணி உறுதி, ஓய்வூதியம், தாபரிப்பு யாவற்றுக்கும் பதிவேட்டின் ஒரு வரி பத்துச் சாட்சிகளுக்குச் சமம். பத்திரம் தொலைந்தவர் பதிவகத்தில் மறுபிரதி பெறலாம். வழக்காற்றின்படி மட்டும் மணந்தவர், இருவரும் இணங்கியிருக்கும் காலத்திலேயே பதிவு செய்துகொள்ளலாம். பிணக்கு வந்தபின் அந்த இணக்கத்தைத் தேடுதல், வெள்ளம் வந்தபின் அணை கட்டுவதை ஒக்கும். குளக்கட்டின் அருமையை நன்குணர்ந்த வன்னி மக்களுக்கு இவ்வுண்மையை விரித்துரைக்க வேண்டியதில்லை.

கள்ளூர் அவையோர் காலத்திற் பதிவேடு இல்லை, சட்டக்கோவை இல்லை. ஆயினும் பாதிக்கப்பட்டவளைச் சோதனைக்கு நிறுத்தாமல், மறுத்தவனின் சொல்லையே அவர்கள் சோதித்தனர். ஈராயிரம் ஆண்டு கழித்து, பல நாட்டு மன்றுகளும் அரும்பாடுபட்டு மீண்டும் வந்தடைந்துகொண்டிருக்கும் இடம் அதுவே.